மலைக்கு அந்தப் பக்கம்

முகட்டுக்கு முன்னால் நூற்றிருபது பேர்,
மூன்று கேமரா, சூடான சூப்,
டோர்பென் என்கிற டென்மார்க்கு இயக்குநர்.
முகட்டுக்குப் பின்னால் நான்,
இரண்டு பீப்பாய் எரிபொருள், ஒரு தீயணைப்பான்,
என் கருவிப்பெட்டியின் ரப்பர் பிடியைக்
கொத்திப் பார்க்கும் கியாக் கிளிகள்.

ரேவின் ஹிஸ்லப் சாவது அவர்கள் பக்கம்.
வந்து இறங்குவது என் பக்கம்.

வாலில் புகை கக்கியபடி
ஹெலிகாப்டர் முகட்டைத் தாண்டிச் சரியும்.
ஒரு மூச்சு.
காலையிலேயே புதைத்து வைத்த பெட்ரோல்
பந்தாக மேலெழும்.
வில்லன் ஒழிந்தான்.
அதற்குள் அவள் என் முன்னால் புல்லில் இறங்கி
ஒட்டுமீசையின் ஒரு முனையைப் பிய்த்தபடி
"முட்டை இருக்கா?" என்பாள்.
அவித்த முட்டை, எப்போதும் இரண்டு,
உப்பு தனியாக.

செத்துப் பிழைத்தவர்களை நீங்கள் பார்த்திருப்பீர்கள்.
செத்தே பிழைப்பு நடத்துகிறவளை
பத்தொன்பது வருடமாக நான் பார்க்கிறேன்.
என் கணக்கில் முப்பத்தொரு சாவு:
உளவாளியாக நான்கு,
போதை கடத்துகிறவனாக ஒன்பது,
மற்றதெல்லாம் பெயரில்லாத
'இரண்டாவது ஹெலிகாப்டர்.'
ஒரு முறைகூடப் பெண்ணாகச் செத்ததில்லை.

உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு என்பார்களே,
அவளுக்கு அது இடது கை.
அந்த நெம்புகோலைத் தூக்கினால் வானம், தாழ்த்தினால் தரை.
வலது கையில் திசை மட்டும்.

மடுகிடுகிப் பள்ளத்தாக்கில் அன்று
ஏழு முறை செத்தாகிவிட்டது.
வானொலியில் டோர்பென்:
"அழகா இருக்கு. ஆனா பயமே தெரியல."
"இயந்திரத்துக்கு ஏது பயம்?"
"சரி, நிஜமா விழுந்தா எப்படி இருக்கும்?
அதைக் காட்டு."

வானொலியில் வெறும் இரைச்சல்.

எண்பத்திரண்டு. மோனோவாய் ஏரிக்கு மேலே
மான்களை உயிரோடு வலைபோட்டுப் பிடித்த பைத்தியக்காலம்.
நெவில் முன்னால் பறந்தான்,
கல்யாணமாகிப் பதினோரு மாதம் ஆன இவள் பின்னால்.
மரத்தலை உயரத்தில் அவன் எஞ்சின் நின்றது.
சுழலவில்லை. தீ இல்லை.
நாற்காலியை இழுத்துப் போட்டு
உட்காருகிறவன் மாதிரி உட்கார்ந்தான்,
பீச் மரங்களுக்குள்.
ஒரே ஒரு முறை சொன்னாள்,
முட்டைக்கு உப்புத் தொட்டுக்கொண்டே.

எட்டாவது முறை
முகட்டுக்கு மேல் வந்து நின்றது ஹெலிகாப்டர்,
வீட்டில் எதையோ மறந்து வைத்த ஆள் போல.
பிறகு உட்காரத் தொடங்கியது.
அதன் வயிறு என்னை நோக்கி இறங்க இறங்க
தீயணைப்பானைத் தூக்கிக்கொண்டு ஓடினேன்.
யாரோ கத்தினார்கள். நான்தான்.
ஒரு முழ உயரத்தில் இடது கை என்ன செய்ததோ,
புல் நுனியைத் தொட்டு நின்றது.

"என்ன அது?" என்றார் டோர்பென்.
"யாரும் நம்ப மாட்டாங்க.
பழையபடி சுத்திக்கிட்டே வா."

ஹெல்மெட்டைக் கழற்ற நெடுநேரம் எடுத்தாள்.
முட்டை கேட்கவில்லை.
நானாகவே உரித்து எஞ்சின் மூடிமேல் வைத்தேன்.
கியா ஒன்று ஒய்யாரமாக நடந்து வந்து
முழுசாகக் கவ்விக்கொண்டு போனது.
அவள் சிரித்தாள், கொஞ்சம் அதிகமாகவே.
மீசையை எச்சில் தொட்டு ஒட்டிக்கொண்டு
ஒன்பதாவது முறை போனாள்.

படத்தில் இருப்பது அந்த ஒன்பதாவதுதான்.
கோர் ஊர்த் திரையரங்கில் பார்த்தோம்.
நெவிலின் அம்மா மாவிஸுக்கு
எண்பத்தாறு வயது, காதில் கருவி.
அரங்கே திரும்பிப் பார்க்கும் குரலில் கேட்டாள்:
"இதுல எது நீ?"
"மலைக்குப் பின்னால போகுதே, அது."
"அப்புறம் வருமா?"

"படத்துல வராது, மாவிஸ்."

மாவிஸ் தலையாட்டினாள்.
திரையில் புகை போய்க்கொண்டிருந்தது.
அவள் ஐஸ்கிரீம் முழங்கைவரை வழிவதை
இரண்டு பேருமே கவனிக்கவில்லை.